நீயும் நீங்களும்

‘மூன்று மாதம்’ தொடர்கதை: அத்தியாயம் 11

டெல்பினுக்கு ஒரு வியாதி உண்டு. எதையும் கேட்காமல் இருக்க முடியாது. விக்கிரமசிங்கபுரத்தில் மில் குடியிருப்பின் ஆறாவது வரிசையில் எந்த வீட்டுக்குத் தந்தி வந்தாலும், தபால்காரர் சைக்கிளை நிறுத்துவதற்குள் அவள் அங்கே நிற்பாள். ‘யாருக்கு, என்ன, எப்போ’ என்று மூன்று கேள்வி. பதில் வராவிட்டால் நாலாவது கேள்வி.

அப்படிப்பட்டவள் மூன்று நாளாக வாயைக் கட்டிப்போட்டுக்கொண்டு இருந்தாள். கேட்க வேண்டியது நிறைய இருந்தும் கேட்கப் பயமாக இருந்தது.

வியாழக்கிழமை பாபநாசம் பஸ்ஸிலிருந்து ஒரு சூட்கேசும் ஒரு குடையுமாக இறங்கினாளே றீற்றா டீச்சர், அவள்தான் காரணம். யாழ்ப்பாணத்தில் இளவாலையிலிருந்து அகதியாகக் கிளம்பி, காட்டிலும் பள்ளிக்கூடத் தாழ்வாரங்களிலும் மாதக்கணக்கில் கிடந்து, கொழும்பு வந்து, விமானம் ஏறி வந்தவள். பத்து வருஷத்துக்கு முன், ஆறு வயது மகளைப் படகில் ஏற்றி இந்த வீட்டுக்கு அனுப்பியவள். “மூண்டே மூண்டு மாதம். சண்டை நிண்டவுடனை வந்து கூட்டிக்கொண்டு போறன்” என்று டெல்பினின் கணவன் லியோனுக்குக் கடிதம் எழுதியவள். லியோனின் அப்பா கொழும்பில் கடை வைத்திருந்த காலத்துச் சிநேகிதம் அது.

மூன்று மாதம் பத்து வருஷமாக நீண்டுவிட்டது. ஆறு வயதுக் குழந்தை பதினாறு வயதில் பிளஸ் ஒன் படிக்கிறாள். அங்கே யசிந்தாவாக இருந்தவள் பள்ளிக்கூடப் பதிவேட்டில் ஜெசிந்தா ஆகி, இப்போது தெருவுக்கே ஜெசி.

றீற்றாவின் மூத்த மகன் நார்வேயில் இருக்கிறான். அவன்தான் தாயையும் தங்கையையும் அங்கே கூப்பிடுகிறான். கொழும்பில் அடுத்த மாதம் மூன்றாம் தேதி விசா நேர்காணல். தங்கை வருகிறாளா இல்லையா என்று இன்று, ஞாயிற்றுக்கிழமை, மாலை ஆறு மணிக்கு அசன் மைதீனின் எஸ்.டி.டி. பூத்துக்கு அவன் போன் செய்வான். அதற்குள் பதில் வேண்டும்.

ஆறு மணிக்கு இன்னும் பதினோரு மணி நேரம் இருந்தது. டெல்பின் அடுப்பில் பாலை வைத்துவிட்டு, பின்வாசலில் தலை பின்னிக்கொண்டிருந்த ஜெசியிடம் போய் நின்றாள்.

“ஏட்டி, என்ன முடிவு பண்ணிருக்க?”

“போகல.”

பட்டென்று வந்தது பதில். டெல்பினுக்கு நெஞ்சுக்குள் ஒரு குளிர்ச்சி பரவியது. இதைக் கேட்கத்தான் மூன்று நாளாகத் தவம் கிடந்தாள். ஆனால் அவள் டெல்பின் ஆயிற்றே, அத்தோடு விடுவாளா?

“ஏன் போகல?”

“சும்மாதான்.”

“சும்மான்னா என்னத்துக்கு நேத்துலேருந்து மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க? பெத்தவட்ட ஒரு வார்த்த பேச மாட்டேங்க?”

ஜெசி ரிப்பனைப் பல்லில் கடித்துக்கொண்டே பேசினாள். “அவுகதான் என்கிட்டப் பேச மாட்டேங்காவ. நான் பஸ்ஸ்டாண்டுல ஓடிப்போயி கையப் பிடிச்சேன்லா? அப்ப என்ன சொன்னாவ தெரியுமா? ‘நீங்கள் நல்லா வளந்திட்டீங்கள்’னாவ. நீங்களாம்! வளந்திட்டீங்களாம்!”

“அது அவுக ஊருப் பேச்சுட்டி.”

“எந்த ஊர்லம்மா பெத்த புள்ளைய நீங்க வாங்கன்னு சொல்லுவாவ? ‘சாப்பிட்டீங்களோ’, ‘படுக்கப் போறீங்களோ’ன்னு கேக்காவ. பஸ்ல கண்டக்டர் பேசுத மாதிரி இருக்கு. என்னய மகளா நெனச்சிருந்தா ‘நீ’ன்னு ஒரு வார்த்த வாயில வராதா? யாரோ ஒரு ஆளக் கூட்டிட்டுப் போவ வந்திருக்காவ. நான் போகல. நீயே சொல்லிரு.”

பின்னலை முடித்து, ரிப்பனை இறுக்கிக் கட்டி, எழுந்து போய்விட்டாள். அடுப்பில் பால் பொங்கி வழிந்த வாசனை வந்த பிறகுதான் டெல்பினுக்கு நினைவு திரும்பியது.

காலைப் பூசை முடிந்ததும் துணி மூட்டையைத் தூக்கிக்கொண்டு டெல்பின் ஆற்றுக்குப் புறப்பட்டாள். “நானும் வரட்டோ?” என்று றீற்றா எழுந்தாள். வேண்டாம் என்று எப்படிச் சொல்வது?

மலைப்பக்கம் சாரல் தொடங்கியிருந்தது. தாமிரபரணியில் புதுத் தண்ணீர் கல்லை மூடிக்கொண்டு ஓடியது. றீற்றா முதல் படியிலேயே சேலையைக் கெண்டைக்கால்வரை தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்று, தண்ணீரைப் பார்த்தபடி இருந்தாள்.

“எங்கடை ஊரிலை ஆறே இல்லை, டெல்பின். கிணறுதான். பிள்ளைக்கு நீந்தத் தெரியுமோ?”

“தெரியுமாவா? அந்தக் கரைக்குப் போயிட்டு வருவா. எங்க மூத்தவன் ஜோஷுவாதான் படிச்சிக் குடுத்தான். இப்ப அவன் தூத்துக்குடி ஆர்பர்ல இருக்கான்.”

றீற்றா தலையாட்டினாள். தனக்குத் தெரியாத ஒன்று இன்னும் கூடிவிட்டது என்பது அவள் முகத்தில் தெரிந்தது. சற்று நேரம் இருவரும் துணியை அடித்துத் துவைத்தார்கள்.

“ஆறு மணிக்கு அவருக்கு என்ன சொல்லுறதெண்டு தெரியேல்லை” என்றாள் றீற்றா. “அவர் வேலைக்கு லீவு போட்டிட்டுப் போன் எடுக்கிறார். அவருக்குக் கோபமும் கெதியா வரும்.”

டெல்பின் கையிலிருந்த லியோனின் சட்டை அப்படியே நின்றது. றீற்றாவின் கணவர் தொண்ணூறிலேயே செல் விழுந்து இறந்தார் என்பது இந்த வீட்டில் எல்லோருக்கும் தெரியும். லியோன் மாதா கோயிலில் பூசை வைத்து அழுதவன்.

கேட்கலாமா கூடாதா என்று டெல்பின் யோசித்தது அதிகபட்சம் நாலு விநாடி.

“அக்கா, தப்பா நெனைக்காதீங்க. ஒங்க வீட்டுக்காரர் தவறிட்டாருன்னுலா கடுதாசி வந்துது? இப்ப அவரு போன் பண்ணுதாருங்கீங்க?”

றீற்றா திரும்பிப் பார்த்தாள். வந்த மூன்று நாளில் முதல் தடவையாகச் சிரித்தாள். “என்ரை மகனைச் சொல்லுறன்.”

“மகனயா அவருங்கீங்க?”

“பின்னை என்னெண்டு சொல்லுறது?”

“அவன்!” என்றாள் டெல்பின். “எனக்குப் பொறந்தவன் கலெக்டரே ஆனாலும் எனக்கு அவன்தான்.”

றீற்றாவின் சிரிப்பு மெல்ல அடங்கியது. துவைத்த துணியைப் பிழிந்தபடி, ஆற்றைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

“நீங்கள் கேட்டபடியாச் சொல்லுறன். ஆரிட்டையும் சொல்லாதேங்கோ. பத்து வருஷமா நான் அந்த முகத்தை நினைச்சுக்கொண்டுதான் உயிரோடை இருந்தனான். பஸ்ஸாலை இறங்கினவுடனை பிள்ளை ஓடி வந்தா. வந்து, ‘நீ எப்படிம்மா இருக்க’ எண்டு கேட்டா. நீ எண்டு! எங்கடை பக்கத்திலை தாயைப் பாத்து நீ எண்டு ஒருத்தரும் சொல்லமாட்டினம், டெல்பின். கோபத்திலை சண்டை பிடிக்கேக்கைதான் அந்தச் சொல்லு வரும். நான் தனிய அனுப்பிவிட்டதுக்கு இதுதான் தண்டனை எண்டு விளங்கினது. நான் ஒண்டும் கேக்கேல்லை. என்னெண்டு கேப்பன்?”

டெல்பின் வாயைத் திறந்தாள்.

சொல்ல வேண்டியது நாக்கு நுனியில் நின்றது. ‘அக்கா, எங்க ஊர்ல அம்மாவ நீன்னுதான் கூப்பிடுவோம். சாமியவே நீன்னுதான் கூப்பிடுவோம். அவ ஆசையாத்தான் கேட்டிருக்கா’ என்று ஒரே மூச்சில் சொல்லிவிடலாம். அவ்வளவுதான் விஷயம்.

ஆனால் சொன்னால் என்ன ஆகும்? இவள் முகம் மலரும். போய்ப் பிள்ளையைக் கட்டிக்கொள்வாள். பிள்ளையும் உருகும். ஆறு மணிக்குப் போன் வரும். அடுத்த வாரம் ஜெசியின் சைக்கிள் ஆள் இல்லாமல் சுவரில் சாய்ந்து கிடக்கும்.

டெல்பின் வாயை மூடிக்கொண்டாள். பிறந்து நாற்பத்துநாலு வருஷத்தில் தெரிந்த ஒன்றை அவள் சொல்லாமல் விழுங்கியது அன்றுதான். லியோனின் சட்டையைக் கல்லில் ஓங்கி ஓங்கி அடித்ததில் பொத்தான் ஒன்று தெறித்து ஆற்றோடு போயிற்று.

வீடு திரும்பியபோது பக்கத்து வீட்டு ஜெபகனி வாசலில் நின்றிருந்தாள். அவள் மகள் பிரசவத்துக்கு வந்து பத்து மாதமாகிறது. பேத்தி அழுது தெருவைத் தூக்கிக்கொண்டிருந்தது.

“இங்கை தாங்கோ” என்று றீற்றா குழந்தையை வாங்கித் தோளில் போட்டுக்கொண்டாள். அதற்குப் பின் நடந்ததை டெல்பின் ஈரத் துணியைக் கொடியில் போடக்கூட மறந்து பார்த்தாள்.

“ஏன் குஞ்சு அழுறீங்கள்? ஆர் உங்களுக்கு அடிச்சது? வயித்துக்கை குத்துதோ? என்னைப் பாருங்கோ. ஆ, இப்ப சிரிக்கிறீங்கள் என்ன?”

எட்டு மாதக் குழந்தை! பல்லே இரண்டுதான். அதைப் போய் நீங்கள் என்கிறாள், பாருங்கோ என்கிறாள். குழந்தை அழுகையை நிறுத்திவிட்டு வாயைப் பிளந்து அவளையே பார்த்தது. தனக்கு இவ்வளவு மரியாதை கிடைக்கும் என்று அது எதிர்பார்த்திருக்காது.

ஜெபகனி விழுந்து விழுந்து சிரித்தாள். “ஏ டெல்பினு, இங்கன பாரு. எம்பேத்திக்கு டீச்சரு கலெக்டருக்குக் குடுக்க மாதிரில்லா மரியாத குடுக்காவ!”

“சிரிக்கிறீங்களோ?” றீற்றாவும் சிரித்தாள். “பாசம் வந்தா அப்பிடித்தான் வாயிலை வரும். நான் ரெண்டு பிள்ளையளையும் பிறந்த நாளிலை இருந்து அப்பிடித்தான் கூப்பிட்டனான். அவையளும் என்னை நீங்கள் எண்டுதான் கூப்பிட்டவை.”

டெல்பின் கொடிக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டாள்.

அவளுக்குப் பழைய ஞாபகம் ஒன்று வந்தது. எண்பத்தாறு ஜூன். கையில் ஒரு துணிப்பையுடன், உப்புக்காற்றில் வெடித்த உதட்டுடன், நடு வீட்டில் நின்ற ஆறு வயதுக் குழந்தை கேட்ட முதல் கேள்வி: “நீங்கள் ஆர்? எனக்குத் தண்ணி தருவீங்களோ?”

வரிசை முழுக்கச் சிரித்தது. பள்ளிக்கூடத்தில் ‘ஓம்’, ‘எண்டு’ என்று பிள்ளைகள் பின்னாலேயே கத்திக்கொண்டு வந்தார்கள். ஆறு மாதத்தில் குழந்தை எல்லாவற்றையும் உதிர்த்துவிட்டது. டெல்பினிடம் மட்டும் அந்த ‘நீங்கள்’ போகவில்லை. டெல்பின்தான் ஒருநாள் மடியில் வைத்துக்கொண்டு கெஞ்சினாள். “என்னய நீங்கன்னு சொல்லாதட்டி. யாரோ மாதிரி இருக்கு. நீன்னு சொல்லு. எங்க, சொல்லு பாப்போம்?”

குழந்தை வெகு நேரம் யோசித்துவிட்டு, மிகவும் பயந்து, “நீ” என்றது. அன்றைக்கு டெல்பின் ஒரு படி அரிசி இடித்துப் புட்டு அவித்துத் தெருவுக்கே கொடுத்தாள்.

அந்த ‘நீ’தான் இன்று பெற்ற தாயின் கன்னத்தில் அறைந்திருக்கிறது.

அதோடு முடிந்திருந்தால்கூடப் பரவாயில்லை. டெல்பினுக்கு இன்னொன்றும் நினைவுக்கு வந்தது. அலமாரிக்கு மேலே பழைய பிஸ்கட் டப்பா ஒன்று இருக்கிறது. உள்ளே போய் அதை அண்ணாந்து பார்த்துவிட்டு, தொடாமல் திரும்பி வந்தாள்.

மத்தியானம் சாளை மீன் குழம்பு. நாலு பேரும் சாப்பிட உட்கார்ந்தார்கள். “இன்னும் கொஞ்சம் போடட்டோ உங்களுக்கு?” என்று றீற்றா கரண்டியை நீட்ட, ஜெசி தட்டைக் கையால் மூடிக்கொண்டாள். றீற்றா கரண்டியைத் திரும்பச் சட்டியில் வைத்தாள். டெல்பின் இரண்டு முகத்தையும் பார்த்துவிட்டு, முள்ளை எடுக்காமலே மீனை வாயில் போட்டுக்கொண்டாள்.

சாப்பாட்டுக்குப் பின் லியோன் கொல்லையில் ஜெசியின் சைக்கிளைக் கவிழ்த்துப் போட்டு செயினுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்தான். மில்லில் முப்பது வருஷம் நூல் சுற்றியவன். எந்தச் சிக்கலையும் அவசரப்பட்டு இழுக்கமாட்டான்.

“என்னட்டி, காலைலேருந்து உன் சத்தத்தையே காணும்? தொண்டைல முள்ளு சிக்கிருக்கா?”

டெல்பின் பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டினாள். ஜெசி சொன்னது, டீச்சர் சொன்னது, ஜெபகனி பேத்தி, எல்லாம். லியோன் செயினைப் பைய சுற்றியபடி கேட்டுக்கொண்டிருந்தான்.

“ரெண்டு பேர்ட்டயும் சொல்லிட்டியா?”

“சொல்லல.”

“நீயா சொல்லல?”

“சொல்ல மாட்டேன். ஆறு மணி வரைக்கும் சொல்லாம இருந்தாப் போதும்லா? அவளே போகலங்கா. நான் ஒண்ணும் பொய் சொல்லலியே?”

சொல்லும்போதே அவளுக்குக் கண் நிறைந்தது. லியோன் எண்ணெய்க் கையைத் துணியில் துடைத்துக்கொண்டான்.

“அகதிங்கதுனால மாசாமாசம் இவள போலீஸ் ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போயிக் கையெழுத்துப் போட வைக்கேன்லா, அந்த நோட்டுல எனக்கும் ஒரு கட்டம் உண்டும். ‘காப்பாளர்’னு போட்டிருக்கும். மொத மாசம் நான் தெரியாம ‘அப்பா’ன்னு எழுதிட்டேன். ஏட்டு அடிச்சிட்டு, ‘காப்பாளர்னு எழுதும்வே’ன்னு சொன்னாரு. பத்து வருசமா காப்பாளர்னுதான் எழுதுதேன். ஒவ்வொரு தடவையும் அந்த அடிச்ச எழுத்து ஞாபகம் வரும்.”

“அதுக்கு?”

“எனக்கும் அவ போவக் கூடாதுன்னுதான் இருக்கு. ஆனா இப்டி ஒளிச்சு வச்சு நிறுத்துனா, நாளைக்கி அவ மூஞ்சிய எப்டிப் பாக்க? நீ வாய வச்சிக்கிட்டு எத்தன நாளு தாங்குவ?”

அவன் சைக்கிளை நிமிர்த்தி நிறுத்தி, பெல்லை ஒருமுறை அடித்துப் பார்த்தான். டெல்பின் எழுந்து உள்ளே போனாள்.

மூன்று மணிக்கு ஜெசி முன் அறையில் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு படிக்காமல் இருந்தாள். டெல்பின் ஸ்டூல் போட்டு ஏறி, பிஸ்கட் டப்பாவை எடுத்து, தூசியை முந்தானையால் துடைத்து, அவள் முன்னால் வைத்தாள்.

“ஒங்கம்மா எழுதுன கடுதாசி. பதினேழு இருக்கு. தொண்ணூறோட நின்னுட்டு.”

“தெரியும். சின்னப் புள்ளைல நீதான வாசிச்சுக் காட்டுவ.”

“ஆமா. வாசிச்சு முடிச்சா நீ ரெண்டு நாளு அழுவ, காய்ச்சல் வரும். அதுனால எடுத்து மேல வச்சேன். இப்ப நீயே வாசி. மொதக் கடுதாசிய வாசி. சத்தமா வாசி.”

ஜெசி அவளை விநோதமாகப் பார்த்துவிட்டுப் பிரித்தாள். நீல உறைக்குள் நாலாக மடித்த கோடு போட்ட தாள்.

“‘அன்பு மகள் யசிந்தாவுக்கு, நீங்கள் சுகமாக இருக்கிறீர்களா? நேரத்துக்குச் சாப்பிடுங்கோ. உங்களுக்குப் பயமாக இருந்தால் செபமாலை சொல்லுங்கோ. நீங்கள் அழக்கூடாது. அம்மா மூன்று மாதத்தில் வந்து உங்களை...’”

குரல் நின்றது. அடுத்த கடிதத்தைப் பிரித்தாள். அதற்கடுத்தது. எல்லாவற்றிலும் நீங்கள், உங்களுக்கு, உங்களை. ஆறு வயதுக்கு எழுதியது, ஏழு வயதுக்கு எழுதியது, பல் விழுந்ததற்கு எழுதியது.

“நீ இப்டி வாசிக்கலியேம்மா. ‘நீ சாப்பிடு’, ‘நீ அழக்கூடாது’ன்னுலா வாசிப்ப?”

“ஆமா.” டெல்பின் தரையைப் பார்த்துப் பேசினாள். “மொதல்ல, நீங்கள்னா வீட்ல எல்லாரையும் கேக்காவன்னு நெனச்சேன். ரெண்டாவது கடுதாசிலதான் வெளங்குச்சு, உன்னைத்தான்னு. படிச்சவுக, எழுத்துல அப்டித்தான் எழுதுவாவன்னு நெனச்சேன். ஒனக்குப் புரியாதுன்னு நானே நீன்னு மாத்தி வாசிச்சேன். எல்லாக் கடுதாசியவும் மாத்தி வாசிச்சேன். அவுக ஊர்ல கைக்கொழந்தையவே நீங்கன்னுதான் கொஞ்சுவாவளாம். இன்னைக்குத்தான் கண்ணால பாத்தேன். நீயும் இங்கன வந்தப்ப என்னய நீங்கன்னுதான் சொன்ன. நான்தான் அத மாத்துனேன். நீ அவுகளப் பாத்து நீன்னு சொன்னதும், ஒனக்கு அவுக மேல கோவம்னு நெனச்சிட்டாவ. காலைல ஆத்துல வச்சு அழாத கொறையாச் சொன்னாவ. அதயும் நான் ஒங்கிட்டச் சொல்லாம இருந்தேன்.”

“காலைலயே தெரியுமா ஒனக்கு?”

“தெரியும்.”

“ஏன் சொல்லல?”

டெல்பின் எத்தனையோ பேரை எத்தனையோ கேள்வி கேட்டவள். இப்போது கேள்வி அவளைப் பார்த்து வந்தது. “நீ போயிருவன்னுதான்” என்று கடைசியில் சொன்னபோது அது காற்றுக்குக்கூடக் கேட்டிருக்காது.

ஜெசி கடிதங்களை டப்பாவில் போட்டு மூடினாள். கொல்லைக்குப் போய், டப்பாவைக் கேரியரில் வைத்து, சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். எங்கே போகிறாய் என்று கேட்க டெல்பினுக்கு வாய் வரவில்லை.

நாலு மணி ஆயிற்று. ஐந்து ஆயிற்று. மில் சங்கு ஊதியது. ஜெசி வரவில்லை.

ஆறுக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது மூன்று பேரும் அசன் மைதீனின் பூத்தில் இருந்தார்கள். றீற்றா கண்ணாடிக் கூண்டுக்கு வெளியே ஸ்டூலில் உட்கார்ந்து கைக்குட்டையை மடித்து மடித்து விரித்தாள். லியோன் தெருவையே பார்த்துக்கொண்டிருந்தான். டெல்பின் மாதாவிடம் பேரம் பேசிக்கொண்டிருந்தாள். போனாலும் போகட்டும், பேசிவிட்டுப் போகட்டும் என்பதுவரை இறங்கி வந்திருந்தாள்.

“பிள்ளை வரமாட்டா போலை” என்றாள் றீற்றா.

அப்போதுதான் சைக்கிள் பெல் சத்தம் கேட்டது.

ஜெசியின் கண் சிவந்து வீங்கியிருந்தது. பாவாடை ஓரம் ஈரம். ஆற்றங்கரையில்தான் உட்கார்ந்திருந்திருக்கிறாள். டெல்பினைப் பார்க்கவே இல்லை. டப்பாவை மார்போடு அணைத்துக்கொண்டு நேரே றீற்றாவின் முன்னால் போய் நின்றாள்.

“நீங்க...” என்றாள். அந்தச் சொல் அவள் வாயில் புதுச் செருப்பு போலக் கடித்தது. “நீங்க எழுதுனது எல்லாத்தயும் இன்னைக்குத்தான் வாசிச்சேன்.”

றீற்றா எழுந்தே விட்டாள். கைக்குட்டை கீழே விழுந்தது. அவளும் ஏதோ தயார் செய்து வைத்திருந்தாள் போலும். மத்தியானம் முழுக்க ஜெபகனியோடு பேசிக்கொண்டிருந்தாளே, இந்த ஊரில் பாசம் ‘நீ’யில்தான் வரும் என்று அங்கே கற்றுக்கொண்டிருக்க வேண்டும். மிகுந்த சிரமப்பட்டு, பாடம் ஒப்பிக்கிற பிள்ளை போலச் சொன்னாள்.

“நீ... நீ சாப்பிட்டியா, பிள்ளை?”

ஜெசிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. “வேண்டாம். ஒங்களுக்கு அது நல்லாவே இல்ல. நீங்க நீங்கன்னே சொல்லுங்க.”

றீற்றா அவள் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். பத்து வருஷம் கழித்து, அந்தக் கை அந்தக் கன்னத்தைத் தொட்டது. அசன் மைதீன் மரியாதையாகத் திரும்பிக்கொண்டு பில் புத்தகத்தில் எதையோ தேடினார்.

“ஒண்ணு கேக்கணும்” என்றாள் ஜெசி. “மூணு மாசத்துல வாரேன்னுதான என்னய அனுப்புனீங்க?”

“ஓம்” என்றாள் றீற்றா.

“அப்ப நீங்க இங்கன மூணு மாசம் இருங்க. எங்கூட ஆத்துக்கு வாங்க, பள்ளிக்கூடத்துக்கு வாங்க. எனக்கு ஒங்களப் பழகணும். ஒங்களுக்கும் என்னயத் தெரியாதுலா? மூணு மாசம் முடிஞ்சு நான் சொல்லுதேன், வாரேனா இல்லையான்னு.”

“மூண்டாந் தேதி கொழும்பிலை இன்டர்வியூ இருக்கு, பிள்ளை. என்ரை விசாவும் இருபத்துநாலோடை முடியுது...”

“நான் பத்து வருசம் இருந்தேன். நீங்க மூணு மாசம் இருக்க மாட்டீங்களா?”

றீற்றா திரும்பி லியோனைப் பார்த்தாள். லியோன் தலையைச் சொறிந்தான். “விசாவுக்கு ஸ்டேஷன்ல யாரப் பாக்கணும்னு கேட்டுப் பாக்கலாம், டீச்சர். நம்ம மொகம் அங்கன எல்லாருக்கும் தெரியும். குடுப்பாங்களான்னுதான் தெரியல.”

டெல்பின் கீழே கிடந்த கைக்குட்டையை எடுத்து உதறி, மடித்து, யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டு வாசல் ஓரமாக நின்றாள். ஜெசி இன்னும் அவள் பக்கம் திரும்பவில்லை. இது இரண்டு பேர் விஷயம், மூன்றாவது ஆளுக்கு இங்கே என்ன வேலை என்று நினைத்துச் செருப்பைத் தேடினாள்.

போன் அடித்தது.

“நார்வே!” என்று அசன் மைதீன் ரிசீவரை எடுத்து, தெருவுக்கே கேட்கும்படி அறிவித்தார். “தங்கச்சிட்டக் குடுக்கச் சொல்லுதாரு.”

ஜெசி கூண்டுக்குள் போனாள். கதவைச் சாத்தப் போனவள், நிறுத்தி, தலையை வெளியே நீட்டினாள்.

“அம்மா!”

இரண்டு பெண்களும் ஒரே நேரத்தில் ஓரடி முன்னால் வந்தார்கள். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் நின்றார்கள். டெல்பின் வைத்த காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

ஜெசி இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“நீங்க வாங்க” என்றாள் றீற்றாவிடம். றீற்றா கூண்டுக்குள் போய் ஒண்டிக்கொண்டாள். இரண்டு பேர் நின்றாலே முட்டுகிற கூண்டு அது.

டெல்பின் கைக்குட்டையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள்.

“ஏ அம்மா, நீ என்ன அங்கன நிக்க?” உள்ளேயிருந்து கோபமாகத்தான் வந்தது குரல். “நீயும் வா.”

டெல்பின் செருப்பை ஒரு காலில் மட்டும் மாட்டியபடி ஓடினாள். கதவு மூடவில்லை. “சாத்தாட்டா ஒண்ணும் கேக்காதும்மா” என்றார் அசன் மைதீன். மூன்று பேரும் எவ்வளவு நெருங்கி நின்றும் கதவு மூடவில்லை.

ரிசீவருக்குள் நார்வேயிலிருந்து றீற்றாவின் ‘அவர்’ காத்திருந்தார். மூன்று மாதம் என்று அவரிடம் யார் சொல்வது என்று மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.